சேனாதிபதி கிளேபேணும் அவரது விண்ணப்பமும்

ஒரு நாட்டின் உண்மை நிலையை அந்நாட்டிற் பிறந்து வளர்ந்தோரினும் புறத்தேயிருந்து வந்தோர் தெளிவாகக் காண்டல் உண்டு. பழக்கம் என்னுந் திரை வந்தவர் கண்களை அத்துணை எளிதில் மறைப்பதில்லை. ஆயினும், கண்டதை எடுத்துக் கூறுந் துணிவு எல்லார்க்கும் வாய்ப்பதன்று. 1861ஆம் ஆண்டு தொடக்கம் 1865ஆம் ஆண்டு வரை ஐக்கிய அமெரிக்காவில் நிகழ்ந்த உள்நாட்டுப் போரிலே தென்மாநிலங்களின் படையிற் சேனாதிபதியாய் விளங்கிய பற்றிக் கிளேபேண் என்னும் ஐரிசுக்காரரின் வாழ்க்கை இதற்குத் தக்க சான்றாகும்.

கிளேபேண் 1828ஆம் ஆண்டு மார்ச்சு மாதம் 16ஆந் திகதி அயர்லாந்தின் கோர்க் மாவட்டத்திற் பிறந்தார். தந்தையார் மருத்துவர், புரட்டசுத்தாந்து சமயத்தவர். குழந்தைப் பருவத்திலேயே தாயையும், பதினைந்தாம் வயதிலே தந்தையையும் இழந்த கிளேபேண், குடும்பத் தொழிலாகிய மருத்துவத்துறையிற் புக விரும்பி, தபிளின் நகரிலே மருந்தாளர் கழகத்தின் புகுமுகப் பரீட்சைக்குத் தோற்றினார். அதிற் சித்தியெய்தாமையால் நாணமுற்று, வீட்டாருக்கும் அறிவியாது, 1846ஆம் ஆண்டு பிரித்தானியப் படையின் 41ஆவது காலாட் பிரிவிற் சாதாரணப் போர்வீரராகச் சேர்ந்தார். அக்காலத்தில் உருளைக்கிழங்குப் பயிரை அழித்த நோயினால் அயர்லாந்து பெரும் பஞ்சத்துட் பட்டிருந்தது. ஏறக்குறையப் பத்து இலட்சம் மக்கள் மாண்டனர். அதனினும் மிக்கோர் கடல் கடந்தனர். கோப்பிரல் என்னுஞ் சிறு பதவி வரையே உயர்ந்த கிளேபேணும் பணஞ் செலுத்திப் படையினின்று விலகி, உடன்பிறந்தாருடன் அமெரிக்காவுக்குப் புறப்பட்டு, 1849ஆம் ஆண்டு நத்தார் தினத்தன்று நியூ ஓர்லியன்சுத் துறையை அடைந்தார்.

அடுத்த ஆண்டில், மிசிசிப்பி ஆற்றங்கரையிலே ஆக்கன்சோ மாநிலத்தைச் சேர்ந்த எலினா என்னுஞ் சிற்றூரில் மருந்துச்சாலையொன்றை நடத்தும் பணி அவருக்குக் கிடைத்தது. சின்னாளில் அதன் பங்காளருமானார். 1855ஆம் ஆண்டில் மஞ்சட் காய்ச்சல் அவ்வூரைப் பீடித்தபோது பலர் ஊரை விட்டகன்றனர். கிளேபேணோ நின்று நோயாளரைப் பேணினார். அமெரிக்கப் பிரசாவுரிமையும் பெற்றார். மறு ஆண்டிற் சட்டத்தரணியாயினார். அப்போது அமெரிக்காவில், குடியேறி வந்தோரை வெறுக்குங் கட்சியொன்று தலையெடுத்திருந்தது. 'ஒன்றுமறியாக் கட்சி' என அதனை மக்கள் அழைத்தனர். அதனை எதிர்த்து நின்ற தோமசு இந்மன் என்னும் நண்பரின் பக்கலில் நின்றமையால், 1856ஆம் ஆண்டில் தெருவில் நிகழ்ந்த துப்பாக்கிச் சண்டையிற் கிளேபேண் குண்டடிபட்டு உயிர் பிழைப்பதே அரிதாயிற்று.

இந்நிகழ்ச்சிகளே அவர் பின்னர் மேற்கொண்ட முடிவுக்கு வித்தாயின. 1861ஆம் ஆண்டிற் போர் மூண்டபோது அவர் தென்மாநிலங்களின் பக்கஞ் சேர்ந்தார். அடிமைகளை அவர் வைத்திருந்ததில்லை. அடிமை முறையைக் காப்பதில் அவருக்கு நாட்டமும் இருந்திலது. தமக்கு இடர் வந்துழியெல்லாந் துணைநின்ற எலினா மக்களைக் கைவிடலாகாது என்பதே தமது காரணமென அவர் தம் உடன்பிறந்தாருக்கு எழுதினார். துரியோதனன் பக்கல் நின்ற கன்னனின் செஞ்சோற்றுக்கடன் இவ்விடத்து நம் நினைவுக்கு வருதல் இயல்பே. நன்றியறிதல் உயர்ந்த பண்பு. ஆயின், எவர் பொருட்டு எதனைக் காக்கப் போரிடுகின்றோம் என்னும் வினாவை அது தீர்த்து விடுவதில்லை.

பிரித்தானியப் படையிற் கற்ற ஒழுங்கும் பயிற்சியும் அவரை விரைவில் உயர்த்தின. ஊர்த் தொண்டர் படைக்குக் கப்டனாகத் தெரிவு செய்யப்பட்டவர், சின்னாளிற் கேணலாகவும், 1862ஆம் ஆண்டு மார்ச்சு மாதத்திற் பிரிகேடியர் செனரலாகவும், அவ்வாண்டு முடியுமுன் மேசர் செனரலாகவும் ஆயினார். தென்மாநிலப் படையில் இப்பதவியை எய்திய வெளிநாட்டிற் பிறந்தோர் இருவரே. மற்றவர் பிரான்சு தேயத்துப் பொலிஞாக் இளவரசர். சைலோப் போரில் கிளேபேணின் கீழ் நின்ற ஏறத்தாழ 2,700 வீரருள் ஆயிரத்துக்கு மேற்பட்டோர் மடிந்தும் காயமுற்றும் போயினர். கெந்தக்கி மாநிலத்து இரிச்மண்டில் ஒரு குண்டு அவர் வாயினுட் புகுந்து பற்களைத் தகர்த்தது. 1863ஆம் ஆண்டு நவம்பர் மாதத்தில் மிசனரி மலைத்தொடரின் வடகோடியிற் செர்மன் என்னும் புகழ்பெற்ற சேனாதிபதியின் தாக்குதலை அவர் தடுத்து நின்றார். எஞ்சிய படை சிதறியோடியபோது, இரு நாட்களின் பின்னர், இரிங்கோல்ட் கணவாயில் ஏறக்குறைய 4,000 வீரருடன் நின்று, பின்வாங்கிய படை முழுவதையும் காத்தார். இதற்காகத் தென்மாநிலக் காங்கிரசு 1864ஆம் ஆண்டு பெப்ருவரியில் அவருக்கு நன்றி நவின்று தீர்மானம் நிறைவேற்றியது.

எனினும், கிளேபேணை ஏனைச் சேனாதிபதிகளினின்றும் வேறாக்குவது போர்த்திறன் மட்டுமன்று. 1864ஆம் ஆண்டு சனவரி மாதம் 2ஆந் திகதி இரவு, யோர்சியா மாநிலத்து டால்ட்டன் பாசறையில், உடனிருந்த சேனாதிபதிகளின் முன்னிலையில் அவர் வாசித்த விண்ணப்பமேயாகும். அதற்கு ஓராண்டு முன்னதாகவே ஆபிரகாம் இலிங்கன் விடுதலைப் பிரகடனத்தை வெளியிட்டிருந்தார். தப்பி வந்த அடிமைகள் வடமாநிலப் படையிற் சேர்ந்துகொண்டிருந்தனர். போர் முடியுமுன் அப்படையிற் பணிபுரிந்த கறுப்பின வீரர் தொகை ஏறத்தாழ 1,80,000 ஆயிற்று. தென்மாநிலங்களோ வீரரின்றி வாடின. இந்நிலையிற் கிளேபேண் கூறியதன் சாரம் வருமாறு: போரின் தொடக்கத்திற் பலமாயிருந்த அடிமை முறை இப்பொழுது பெரும் பலவீனமாகிவிட்டது. பகைவர் நெருங்குமிடமெங்கும் அடிமைகள் அவர்க்கு ஒற்றராகவும் வழிகாட்டிகளாகவும் ஆகின்றனர். ஐரோப்பிய வல்லரசுகள் உதவ மறுப்பதும் இம்முறையின் பொருட்டே. ஆதலின் அடிமைகளுள் தக்காரைத் தேர்ந்து படைப்பயிற்சி அளித்தல் வேண்டும். தென்மாநிலங்களுக்கு உண்மையாய் நிற்கும் அடிமைகள் அனைவர்க்கும் விடுதலை உறுதி செய்யப்படல் வேண்டும். சுதந்திரம், அடிமை முறை என்னும் இரண்டில் ஒன்றை இழத்தல் தவிராதெனின், இழக்கற்பாலது பின்னதே.

அவ்விண்ணப்பத்திற் குறிப்பிடத்தக்க பகுதி ஒன்றுண்டு. விடுதலை என்னும் நம்பிக்கையின்றி ஒருவன் உளமாரப் போர் செய்வான் என எதிர்பார்த்தல் பேதைமை என்றும், வீரனை மட்டுமன்றி அவன் மனைவி மக்களையும் விடுவித்தல் வேண்டும் என்றும் கிளேபேண் வற்புறுத்தினார். அடிமைகளின் திருமணமும் பெற்றோர் பிள்ளைத் தொடர்பும் சட்டத்தாற் காக்கப்படல் வேண்டும். அவர்களை விற்றல் தடுக்கப்படல் வேண்டும் என்றார். அடிமைகள் போரிடுவரோ என்னும் ஐயத்துக்கு விடையாக, இசுப்பாட்டாவின் எலொற்றுக்களையும், இலெப்பாந்தோக் கடற்போரில் துடுப்பு வலித்த அடிமைகளையும், கிளர்ந்தெழுந்து தம் எசமானரை வென்ற சந்தோ தொமிங்கோத் தீவினரையும் எடுத்துக்காட்டினார்.

கேட்டோரிற் பலர் அதிர்ச்சியுற்றனர். வாக்கர் என்னுஞ் சேனாதிபதி இதனை இராசத்துரோகத்துக்கு ஒப்பானதாகக் கருதி, பிரதியொன்றைப் பெற்றுத் தென்மாநிலத் தலைவர் செபர்சன் தேவிசுக்கு அனுப்பினார். தேவிசு இதுபற்றி எவரும் வாய் திறத்தலாகாது எனப் பணித்தார். பிரதிகள் அழிக்கப்பட்டன. கிளேபேணும் கட்டளைக்குப் பணிந்து வாளாவிருந்தார். அதன்பின் உயர்பதவிகள் வெற்றிடமானபோதெல்லாம் அவை பிறர்க்கே சென்றன. இவ்விண்ணப்பமே அதற்குக் காரணமென வரலாற்றாசிரியர் பலர் கருதுவர். பணிமனை அதிகாரி ஒருவரிடம் தப்பியிருந்த பிரதியொன்று அவர் இறந்தபின் அகப்பட்டமையாலேயே, 1890களில் உலகம் இச்செய்தியை அறிந்தது.

1864ஆம் ஆண்டு நவம்பர் மாதம் 30ஆந் திகதி, தெனெசி மாநிலத்துப் பிராங்கிளின் நகரில், அரண் செய்து நின்ற வடமாநிலப் படைமீது திறந்த வெளியினூடே பாயுமாறு உத்தரவு பிறந்தது. கிளேபேண் ஏறிய குதிரை வீழ்ந்தது. மறு குதிரையும் வீழ்ந்தது. கால்நடையாய்த் தொப்பியைக் கையிலுயர்த்திப் புகையினுட் புகுந்தவர் மார்பிற் குண்டு பாய்ந்து மாண்டார். அகவை முப்பத்தாறு, மணவினை நிச்சயிக்கப்பட்டிருந்தும் நிறைவேறவில்லை. அவ்வொரு போரில் தென்மாநிலச் சேனாதிபதிகள் அறுவர் உயிர் துறந்தனர். அவரது உடல் 1870ஆம் ஆண்டில் எலினாவுக்குக் கொணரப்பட்டு அடக்கஞ் செய்யப்பட்டது.

அவர் மறைந்து நான்கு திங்கள் நிறையுமுன், 1865ஆம் ஆண்டு மார்ச்சு மாதம் 13ஆந் திகதி, கறுப்பின மக்களைப் படையிற் சேர்க்குஞ் சட்டத்தைத் தென்மாநில அரசு இயற்றியது. அச்சட்டந்தானும் எவர்க்கும் விடுதலை வழங்கவில்லை. ஒரு மாதத்தினுள் சேனாதிபதி இலீ சரணடைந்தார்.

தென்மாநிலங்கள் தம் மாநில உரிமைக்காகவே போரிட்டன. அடிமை முறைக்காக அன்று என வாதிப்போர் பின்னாளிற் பலர் தோன்றினர். கிளேபேண் அதனை உண்மையென்றே நம்பினார். நம்பியமையாலேயே அடிமை முறையை விட்டுக் கொடுக்கலாம் என்றார். அவர் பெற்ற விடையோ அவ்வாதத்தைப் பொய்யாக்கியது. அடிமைகள் நல்ல வீரராவரெனின் அடிமை முறை பற்றிய தம் கொள்கை முழுவதும் பிழையாகும் என யோர்சியாவின் ஓவல் கொப் 1865ஆம் ஆண்டிலே வெளிப்படையாக எழுதினார். கிளேபேணை விடுதலை வீரரெனப் போற்றுதல் பொருந்தாது. அவர் நோக்கம் வெற்றியே. ஆயினும், அடிமைக்கும் மனைவி மக்கள் உளர், அவனுக்கும் சுதந்திர வேட்கை உண்டு என்பதை அப்பாசறையில் எடுத்துரைத்தவர், பஞ்சத்தால் நாடு துறந்து வந்த ஒருவரே என்பது சிந்தித்தற்குரியது.