யூட் ரட்ணத்தின் புகையிரதம்

பாட்டனாரின் ஊர் எதுவென்று கேட்டால் உடனே விடை பகரும் நம் வீடுகள், 1983 ஆம் ஆண்டைப் பற்றிக் கேட்டதும் மௌனமாகிவிடுகின்றன. அம்மௌனத்தைத் தம் குடும்பத்திலேயே கலைக்க முற்பட்டவர் யூட் ரட்ணம். ஆடிக் கலவரத்தின்போது, ஐந்து வயதுச் சிறுவனாகச் சிவப்புப் புகையிரதமேறி வடக்கே தப்பி வந்தவர் அவர். வளர்ந்தபின் படக்கருவியுடன் அதே பாதையிற் பயணஞ் செய்தார். முன்னர் ஆயுதமேந்திய உறவினர் ஒருவரையும் பேசவைத்தார்.

பிறர் நமக்கு இழைத்த கொடுமையை எவரும் சொல்லுவர். நம் இயக்கங்களுக்குள்ளேயே நிகழ்ந்த கொலைகளையும் இவர் படம் சொல்கிறது. அதற்கன்றோ துணிவு வேண்டும்!

'டீமன்ஸ் இன் பாரடைஸ்' என்னும் அவ்விவரணப் படம் 2017 இற் பிரான்சின் கான் விழாவில் திரையிடப்பெற்றது. 2018 இல் யாழ்ப்பாணச் சர்வதேசத் திரைப்பட விழா நிரலிலும் இடம்பெற்றது. எதிர்ப்பு எழவே, திரையிடாது விலக்கப்பட்டது.