பயிர்க்கடன் தள்ளுபடி: சமத்துவம் யாருக்கு?

ஐந்து ஏக்கர் வரையுள்ள சிறு, குறு விவசாயிகளின் கூட்டுறவுக் கடனை 2016இல் தமிழக அரசு தள்ளுபடி செய்தது. விவசாயிகள் சங்கமொன்று தொடுத்த வழக்கில், 2017இல் மதுரைக் கிளை அச்சலுகையை அனைத்து விவசாயிகளுக்கும் விரிவாக்கியது. 2021 நவம்பர் 23 அன்று உச்ச நீதிமன்றம் அத்தீர்ப்பை ரத்து செய்தது: நலிந்தோருக்கு முன்னுரிமை அளிப்பது 14ஆம் பிரிவுக்கு முரணன்று.

இதனை வரவேற்கிறோம். ஆயினும், கடன் பெற்றவருக்கே தள்ளுபடி. நில ஆவணம் உள்ளவருக்கே கடன். வாய்மொழிக் குத்தகையில் பயிரிடும் தலித் உழவரிடம் இருப்பதோ கந்துவட்டிக் கடன். அது எந்த அரசாணைக்குள்ளும் வருவதில்லை.

குத்தகைதாரர் பெயரைப் பதிவு செய்ய 1969ஆம் ஆண்டுச் சட்டம் வழிவகுக்கிறது. தள்ளுபடியை அரசின் கொள்கை முடிவென நீதிமன்றம் ஒதுக்கலாம்; சட்டம் தந்த பதிவுரிமையை அவ்வாறு ஒதுக்க இயலாது. நம் வழக்குகள் அங்கிருந்து தொடங்கட்டும்.