முறிந்த கையும் ஏழாம் எழுத்தும்

திருவனந்தபுரத்துச் சாலைக் கடைத்தெரு, கிழக்குக் கோட்டையிலிருந்து கிள்ளிப்பாலம் வரை நீண்டு கிடப்பது. பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியில் திவான் ராஜா கேசவதாஸ் நிறுவிய இவ்வங்காடியில் தமிழ் வணிகர் பலர் தலைமுறை தலைமுறையாகக் கடை நடத்தி வருகின்றனர். அரிசி மூட்டையும் பலசரக்குச் சாக்கும் இங்கே பெரும்பாலும் மனிதரின் தலையிலும் தோளிலும்தான் ஏறி இறங்குகின்றன. மழை நாளில் கால் வழுக்கினால், விழுபவர் தம்மையறியாமல் கையை முன்னே ஊன்றுவார். உடலின் பளுவும் சுமையின் பளுவும் மணிக்கட்டில் சென்று தாக்கும்.

இவ்வாறு விழுந்த ஒரு தொழிலாளியின் வலது மணிக்கட்டில் படகெலும்பு முறிந்தது என்று கொள்க. மணிக்கட்டில் உள்ள எட்டுச் சிற்றெலும்புகளுள் இதுவே அடிக்கடி முறிவது. கட்டைவிரலை விரித்து நிமிர்த்தும்போது மணிக்கட்டின் ஓரத்தில் தோன்றும் சிறு பள்ளத்தின் அடியில் இது அமைந்திருக்கிறது. இதற்கு இரத்தம் ஊட்டும் நாளங்களிற் பெரும்பாலானவை விரல்களை நோக்கிய பாதியின் வழியே உட்புகுந்து, அங்கிருந்து முழங்கைப் பக்கமாகத் திரும்பிச் செல்கின்றன. ஆகவே நடுவில் முறிவு நேரின் பின்பாதிக்கு இரத்த ஓட்டம் குன்றிவிடும். விரலெலும்பு சில வாரங்களில் கூடிவிட, படகெலும்பு இரண்டு மூன்று மாதங்கள் எடுத்துக்கொள்வதும், சிலருக்குக் கூடாமலே நின்றுவிடுவதும் இதனாலேயே. முதல் நாள் எக்ஸ்-ரே படத்தில் முறிவு புலப்படாமல், பத்துப் பதினான்கு நாட்கள் கழித்து எடுத்த படத்தில் தெரிவதும் உண்டு. கூடாத எலும்பைக் கவனியாது விட்டால் சில ஆண்டுகளில் மணிக்கட்டு மூட்டே தேய்ந்து, மூட்டை தூக்குவது ஒருபுறமிருக்க, சோற்றுப் பானையை இறக்குவதும் அரிதாகிவிடும்.

ஆதலின் இத்தகைய நோயாளி மாவுக்கட்டுடன் ஆஸ்பத்திரிக்கு மீண்டும் மீண்டும் வரவேண்டியவர். ஆறாவது வாரத்தில் அவர் வரும்போது பதிவேட்டில் என்ன குறிப்பது? ‘கை முறிவு’ என்று மீண்டும் எழுதினால், ஒரே எலும்பு இரண்டு முறை முறிந்ததாகக் கணக்கில் ஏறும். நான்கு முறை வந்தால் நான்கு முறிவு. எழுதாமல் விட்டாலோ அவர் எதற்காக வந்தார் என்பதே மறைந்துபோகும். மருத்துவக் குறியீட்டு முறை இச்சிக்கலைத் தீர்க்க வழி வகுத்திருக்கிறது.

நோய்களுக்கு உலகப் பொதுவான வரிசை எண் தரும் முயற்சி முதலில் மரணக் காரணங்களுக்காகவே எழுந்தது. பாரிஸ் நகரப் புள்ளிவிவர அதிகாரி ஜாக் பெர்டிலான் 1893இல் அளித்த பட்டியலே அதன் மூலம். 1948இல் ஆறாவது திருத்தத்தை உலக சுகாதார ஸ்தாபனம் ஏற்று நடத்தியபோதுதான், உயிர் போக்காத நோய்களுக்கும் காயங்களுக்கும் அதில் முழு இடம் கிடைத்தது. இறந்தவர் மறுபரிசோதனைக்கு வருவதில்லை. பிழைத்தவரை எண்ணத் தொடங்கிய பிறகே, ஒருவர் பலமுறை வருவது ஒரு பிரச்சினையாயிற்று.

அமெரிக்க ஐக்கிய நாடு பத்தாவது திருத்தத்தை விரிவாக்கி 2015 அக்டோபர் முதல் ஏழு இடங்கள் வரை கொண்ட குறியீட்டை வழங்கி வருகிறது. அந்நாட்டு ஆஸ்பத்திரிகளுக்காகச் சென்னை, கோயமுத்தூர், திருச்சி முதலிய நகரங்களில் ஆயிரக்கணக்கான இளைஞர் இவ்வேலையைச் செய்வதால், இது நமக்கு அயலான விஷயமன்று. மேற்சொன்ன தொழிலாளியின் முறிவு ‘எஸ் 62.024 டி’ என்று அமையும். எஸ் என்பது காயம். 62 என்பது மணிக்கட்டிலும் கையிலும் நேரும் முறிவு. அடுத்த பூஜ்யம் படகெலும்பு. 2 அதன் நடுப்பகுதி. 4 என்பது வலக்கை, முறிந்த துண்டுகள் விலகவில்லை என்பதைச் சேர்த்துக் காட்டும். இவ்வளவும் முறிவின் இடத்தைச் சொல்பவை. ஏழாவதாக நிற்கும் டி ஒன்றே காலத்தைச் சொல்கிறது: தீவிர சிகிச்சை முடிந்தது, எலும்பு இயல்பாகக் கூடி வருகிறது.

அதே இடத்தில் ஜி வந்தால் கூடுவதில் தாமதம். கே வந்தால் கூடவில்லை. பி வந்தால் கோணலாகக் கூடியது. எஸ் வந்தால் முறிவு ஆறியபின் எஞ்சிய விளைவு. தோல் கிழியாத முறிவுக்குத் தீவிர சிகிச்சை நடக்கும்வரை ஏ எழுதப்படும்.

ஏ என்பதை ‘முதல் முறை வருகை’ என்று பொருள்கொள்வது பரவலான தவறு. வேறொரு வைத்தியரிடம் முதன்முறையாகச் சென்றாலும், அங்கே மாவுக்கட்டு மாற்றுவதும் எக்ஸ்-ரே பார்ப்பதும் மட்டுமே நடந்தால் அது டிதான். எத்தனையாவது வருகை என்பதன்று, எத்தகைய கவனிப்பு என்பதே கேள்வி. தென்திருவிதாங்கூர்ப் பகுதியில் இன்றும் வழங்கும் ஒரு பழக்கம் இதனை நன்கு விளக்கும். கை முறிந்தவர் முதலில் மர்ம வைத்தியரிடம் எண்ணெய்க் கட்டுப் போட்டுக்கொண்டு, மாதங்கள் சென்றபின், எலும்பு கூடாத நிலையில் ஆஸ்பத்திரிக்கு வருகிறார். கே எழுதத் தோன்றும். ஆனால் அமெரிக்க விதிப்படி, சிகிச்சையை நாடத் தாமதித்து வந்தவருக்கு, எலும்பு கூடாதிருப்பினும், முதற் சிகிச்சைக்குரிய எழுத்தே உரியது. மர்ம வைத்தியரின் கட்டைச் சிகிச்சையாகக் கொள்வதா இல்லையா என்பதை அவ்விதியை வகுத்தவர்கள் நினைத்துப் பார்த்திருக்க மாட்டார்கள்.

இந்தியாவில் பின்பற்றப்படும் உலக சுகாதார ஸ்தாபனத்தின் பத்தாவது திருத்தத்தில் இந்த ஏழாம் இடம் இல்லை. அங்கே வேறு எண்களே வேலையைப் பகிர்ந்துகொள்கின்றன. முறிவுச் சிகிச்சைக்குப்பின் நடக்கும் பரிசோதனைக்கு இஸட் 09.4, மாவுக்கட்டைச் சரிபார்க்கவோ அகற்றவோ வந்தால் இஸட் 47.8; உள்ளே பொருத்திய தகட்டை எடுக்க இஸட் 47.0. கூடாத முறிவு எம் 84.1 என்று இன்னொரு அத்தியாயத்துக்கே போய்விடுகிறது. எஞ்சிய விளைவு டி 92.2. ஆகவே சாலைத் தொழிலாளியின் ஒரே எலும்பு, நிலைமைக்கேற்ப மூன்று அத்தியாயங்களில் இடம்பெற நேரும். அவற்றை ஒரே ஆளின் வரலாறாக இணைப்பது நோயாளியின் பதிவு எண்ணே. 2019இல் உலக சுகாதார சபை ஏற்று, 2022 ஜனவரி முதல் நடைமுறைக்கு வந்த பதினோராவது திருத்தம், ஒரு குறியுடன் மற்றொன்றைத் தொடுத்து எழுத இடமளிக்கிறது.

எந்த முறையாயினும் குறியிடுபவர் எக்ஸ்-ரே படத்தைப் பார்த்துத் தாமே தீர்ப்பளித்தல் ஆகாது. வைத்தியர் எழுதியதையே அவர் எண்ணாக மாற்றலாம். குறிப்பில் ‘பார்க்கப்பட்டது, கட்டு தொடர்க’ என்று மட்டும் இருந்தால், எலும்பு கூடி வருகிறதா, தாமதிக்கிறதா என்பது அவருக்குத் தெரிய வழியில்லை. வைத்தியரிடம் திருப்பிக் கேட்கவேண்டும். அவசரத்தில் கேளாமல் வழக்கமான எழுத்தை இட்டுவிட்டால், பன்னிரண்டாவது வாரத்திலும் கூடாத எலும்பு ஏட்டில் நலமாகக் கூடிக்கொண்டே இருக்கும். பிறகு அறுவை தேவைப்பட்டு, எலும்பு ஒட்டு வைக்க நேரும்போது, முந்தைய பதிவுகளில் அதற்கான காரணம் எதுவும் காணக் கிடைக்காது.