சான்றிதழுக்கு அப்பால் பியானோ

கோவை மாநகரில் மட்டுமல்ல, மேற்கே தொண்டாமுத்தூர் வரையிலான சிற்றூர்களிலும் கீபோர்டு வகுப்புக்குச் செல்லும் பிள்ளைகளைக் காண்பது இன்று அரிதல்ல. லண்டனைத் தலைமையிடமாகக் கொண்ட டிரினிட்டி கல்லூரி, ஏ.பி.ஆர்.எஸ்.எம். போன்ற அமைப்புகள் நடத்தும் எட்டு நிலைத் தேர்வுகளே இத்தகைய வகுப்புகள் பலவற்றின் இலக்கு. ஒவ்வொரு நிலைக்கும் சில உருப்படிகள், ஸ்வர வரிசைகள், பார்த்தவுடன் வாசிக்கும் பயிற்சி என்று பாடத்திட்டம் ஒழுங்காகவே அமைந்திருக்கிறது. விரல்களுக்குக் கட்டுப்பாட்டையும் மனத்திற்கு ஒழுங்கையும் அது தருகிறது என்பதில் ஐயமில்லை.

ஆனால், அந்தத் தேர்வுகளில் தேறிவரும் ஒரு மாணவர், பியானோவுக்காக எழுதப்பட்ட ஒரு பெரும்படைப்பையேனும் தொடக்கம் முதல் முடிவு வரை அமர்ந்து கேட்டிருக்க வேண்டும் என்ற கட்டாயம் எங்கும் இல்லை. வர்ணமும் கீர்த்தனையும் பாடத் தெரிந்த ஒருவர் ஒரு முழுக் கச்சேரியைக் கேட்டதே இல்லை என்றால் நாம் வியப்படைவோம். பியானோவைப் பொருத்தவரை அந்த வியப்பு நமக்கு எழுவதில்லை. வாசிக்கக் கற்பிக்கிறோம், கேட்கக் கற்பிப்பதில்லை. இந்தக் குறையை நிரப்ப உகந்த வடிவம் 'பியானோ கான்செர்டோ'.

தனிக் கலைஞர் ஒருவரும் பெரும் இசைக்குழுவும் எதிரெதிர் நின்று உரையாடும் படைப்பே கான்செர்டோ. அந்தச் சொல்லின் வேரிலேயே இரண்டு பொருள்கள் உண்டு. லத்தீனில் அது போட்டியிடுதலைக் குறிக்கும். இத்தாலியில் இசைந்து செயல்படுதலைக் குறிக்கும். இந்த இரண்டும் ஒரே நேரத்தில் நிகழ்வதுதான் இந்த வடிவத்தின் உயிர். பொதுவாக மூன்று பகுதிகள்: விரைவான முதல் பகுதி, நிதானமான இடைப்பகுதி, மீண்டும் விரைவான இறுதிப் பகுதி. பெரும்பாலான படைப்புகள் அரை மணி நேர அளவில் முடிந்துவிடும்.

குழுவோடு எதிர்நின்று பேசும் ஆற்றல் பியானோவுக்கு எப்படி வந்தது? அதற்கு முன்பிருந்த ஹார்ப்சிகார்டில் கட்டையை மெல்ல அழுத்தினாலும் ஓங்கி அழுத்தினாலும் ஒலியின் அளவு ஏறத்தாழ ஒன்றே. 1700-ஆம் ஆண்டையொட்டி, இத்தாலியின் பிளாரன்ஸ் நகரில் பார்த்தலோமியோ கிறிஸ்தோபோரி என்ற கைவினைஞர், கம்பியைச் சிறு சுத்தியலால் தட்டும் பொறியமைப்பை உருவாக்கினார். விரலின் அழுத்தத்திற்கேற்ப ஒலி தாழவும் உயரவும் தொடங்கியது. 19-ஆம் நூற்றாண்டில் இரும்புச் சட்டகம் வந்த பிறகு, கம்பிகளை இன்னும் இறுக்கமாகப் பூட்ட முடிந்தது. இன்றைய பியானோவில் 88 கட்டைகள். அவற்றுக்குப் பின்னால் இருநூறுக்கும் மேற்பட்ட கம்பிகள். பெரும் குழுவின் முழக்கத்தினிடையிலும் அதன் குரல் தனித்துக் கேட்பதற்கு இந்தத் தொழில்நுட்ப வளர்ச்சியே காரணம்.

இத்தகைய அமைப்பு கொங்கு நாட்டுக் காதுகளுக்கு முற்றிலும் அன்னியமானதன்று. வள்ளி ஒயில் கும்மியில் ஆசிரியர் ஓரடி பாட, குழு அதனை வாங்கிப் பாடி அடியெடுத்து வைக்கிறது. ஒற்றைக் குரல் கதையை நகர்த்துகிறது. கூட்டுக்குரல் அதற்கு விரிவும் வேகமும் தருகிறது. கோவை மாவட்டத்தைச் சேர்ந்த முதுபெரும் கும்மிக் கலைஞர் பத்திரப்பனுக்கு 2024-இல் பத்மஸ்ரீ விருது அறிவிக்கப்பட்டபோது, நாடு கவனித்தது இந்த மரபைத்தான். தனியொருவரும் குழுவும் மாறி மாறிப் பேசுவதன் சுவையைக் கும்மி அறிந்தவர்களுக்குப் புதிதாக விளக்க வேண்டியதில்லை.

கச்சேரி கேட்பவர்களுக்கு இன்னொரு வாசல் திறந்திருக்கிறது. கான்செர்டோவின் முதல் பகுதி முடியும் தறுவாயில் இசைக்குழு ஒரு நிறைவுபெறாத ஒலிக்கூட்டில் வந்து சட்டென நின்றுவிடும். பியானோ கலைஞர் தனியே, தம் கற்பனைக்கேற்ப வாசிப்பார். இதற்குக் 'கடென்சா' என்று பெயர். நம் தனி ஆவர்த்தனத்தில் மிருதங்கக் கலைஞர் மோராவும் கோர்வையும் வாசித்து, பாடகரும் வயலின் கலைஞரும் மீண்டும் சேர்வதற்குக் குறிப்புக் கொடுப்பதைப்போல, கடென்சாவின் முடிவில் பெரும்பாலும் இரு ஸ்வரங்கள் விரைந்து மாறி மாறி அதிரும். அது கேட்டதும் குழு வந்து இணைந்துகொள்ளும். 18-ஆம் நூற்றாண்டில் இதனைக் கலைஞர்கள் மேடையிலேயே கற்பனையாக வாசித்தனர். பீத்தோவன் தமது ஐந்தாவது கான்செர்டோவில், இங்கு கடென்சா வாசிக்க வேண்டாம், எழுதியிருப்பதையே தொடர்க என்று குறித்துவைத்தார். மனோதர்மத்திடமிருந்து எழுத்துக்கு அதிகாரம் கைமாறிய வரலாற்றை இந்த ஒரு குறிப்பில் காணலாம்.

ஒற்றுமைகளைப் போலவே வேற்றுமைகளையும் அறிந்துகொள்வது அவசியம். நம் இசையில் தம்பூராவின் ஆதார ஸ்ருதி கச்சேரி முழுதும் அசையாது நிற்கிறது. கான்செர்டோவிலோ அந்த ஆதாரமே இடம்பெயர்கிறது. ஒரு வீட்டிலிருந்து புறப்பட்டு, பல ஊர்களில் தங்கி, இறுதியில் வீடு திரும்புவதைப் போன்ற பயணம் அது. நாம் ராகத்தின் ஆழத்தில் தேடும் நிறைவை, அவர்கள் இந்தப் புறப்பாட்டிலும் திரும்புதலிலும் தேடுகிறார்கள். பியானோவில் கமகம் இயலாது; ஒவ்வொரு ஸ்வரமும் நிலைத்த இடத்தில் நிற்கும். இதே காரணத்தைச் சொல்லித்தான் அகில இந்திய வானொலி 1940-இல் ஹார்மோனியத்திற்குத் தடை விதித்தது. எனவே, கமகத்தைத் தேடிக்கொண்டு பியானோவை அணுகினால் ஏமாற்றமே மிஞ்சும். ஒரே நேரத்தில் பல ஸ்வரங்கள் கூடி ஒலிக்கும்போது பிறக்கும் இறுக்கத்தையும் தளர்ச்சியையும் கவனிப்பதே சரியான வழி.

தொடங்குவதற்கு எதைக் கேட்கலாம்? டி மைனரில் அமைந்த மோட்சார்ட்டின் 20-ஆவது கான்செர்டோவைப் பரிந்துரைப்பேன். 1785 பிப்ரவரி 11 அன்று வியன்னாவில் அது முதன்முதலாக அரங்கேறியது. அன்றுதான் சால்ஸ்பர்க்கிலிருந்து வந்து சேர்ந்த தந்தை லியோபோல்ட், நகல் எடுப்பவர் அப்போதும் எழுதிக்கொண்டிருந்ததையும், அதனை மேற்பார்வையிட வேண்டியிருந்ததால் இறுதிப் பகுதியை ஒருமுறை வாசித்துப் பார்க்கக்கூட மகனுக்கு நேரமில்லாமல் போனதையும் மகளுக்கு எழுதிய கடிதத்தில் பதிவுசெய்திருக்கிறார். இசைக்குழு குமுறலுடன் தொடங்குகிறது. பியானோ உள்ளே வரும்போது அந்தக் குமுறலைத் திரும்பச் சொல்வதில்லை. அதுவரை கேட்டிராத, தனிமை தோய்ந்த ஒரு புதிய மெட்டைத் தொடங்குகிறது. கூட்டத்தின் நடுவே ஒரு மனிதர் தன் சொந்தக் குரலில் பேசத் தொடங்கும் தருணம் அது. இதற்கு மோட்சார்ட் எழுதிய கடென்சா நமக்குக் கிடைக்கவில்லை. பீத்தோவன் எழுதியதைப் பலரும் இன்று வாசிக்கிறார்கள்.

அடுத்து, பீத்தோவனின் நான்காவது கான்செர்டோ. குழு தொடங்கப் பியானோ காத்திருப்பதே அன்றைய வழக்கம். இங்கோ பியானோ முதலில், அதுவும் மிக மென்மையாகப் பேசுகிறது. இரண்டாம் பகுதியில் தந்திக் கருவிகள் ஒரே குரலில் கடுமையாக அதட்டுகின்றன. பியானோ குரலை உயர்த்தாமல் பதில் சொல்கிறது. சிறிது சிறிதாகத் தந்திகள் அடங்கி, பியானோவுக்குச் செவிசாய்க்கின்றன. ஐந்து நிமிட அளவிலான அந்தப் பகுதியைக் கேட்ட பிறகு, உரத்துப் பேசுவதே வெல்லும் வழி என்று யாரும் எளிதில் சொல்லிவிட முடியாது. 1808 டிசம்பர் 22 அன்று வியன்னாவில் பீத்தோவனே பியானோவின் முன் அமர்ந்து இதனைப் பொதுமேடையில் வாசித்தார். செவித்திறன் குன்றி வந்ததால், ஐந்தாவது கான்செர்டோவை அவரால் மேடையேற்ற இயலவில்லை. 1811-இல் லைப்சிக் நகரில் வேறொருவரே வாசித்தார்.

இதெல்லாம் நமக்கு எதற்கு என்ற கேள்வி எழலாம். தமிழகம் இந்த இசையோடு உறவாடத் தொடங்கி இருநூறு ஆண்டுகளுக்கு மேலாகிறது. முத்துசுவாமி தீட்சிதர் ஐரோப்பிய மெட்டுகளுக்கு நோட்டுஸ்வர சாகித்தியங்கள் இயற்றினார். அவருடைய தம்பி பாலுசுவாமி தீட்சிதர் வயலினைக் கற்று நம் இசைக்குள் கொண்டுவந்தவர்களுள் முன்னோடி. மன்னர் இரண்டாம் சரபோஜி காலத்து ஐரோப்பிய இசைச்சுவடிகள் தஞ்சை சரஸ்வதி மகாலில் உள்ளன. நம் காலத்தில், சென்னையில் தன்ராஜ் மாஸ்டரிடம் மேற்கத்திய இசை பயின்ற இளையராஜா, 2025 மார்ச் 8 அன்று லண்டனில் தமது முதல் சிம்பொனியை அரங்கேற்றினார். 2019-இல் அமெரிக்கத் தொலைக்காட்சிப் போட்டியொன்றில் வென்ற சென்னைச் சிறுவர் லிடியன் நாதஸ்வரத்தின் விரல் வேகத்தை உலகமே வியந்து பார்த்தது. ஆற்றலுக்கு இங்கே பஞ்சமில்லை.

பஞ்சம் வேறிடத்தில் இருக்கிறது. மும்பையில் 2006-இல் தொடங்கப்பட்ட சிம்பொனி ஆர்க்கெஸ்ட்ரா ஆஃப் இந்தியாவைத் தவிர, முழுநேரத் தொழில்முறைக் குழு என்று சுட்டிக்காட்ட நாட்டில் வேறொன்று இல்லை. கோவையில் பயிலும் மாணவர் குழுவுடன் கான்செர்டோ வாசிக்கும் வாய்ப்பு எளிதில் அமையாது. ஆனாலும், குழுவின் பகுதியை இரண்டாவது பியானோவில் ஆசிரியர் வாசிக்க, மாணவர் தம் பகுதியை வாசிப்பது உலகெங்கும் உள்ள பயிற்சி முறை. இரண்டு கீபோர்டுகள் இருக்கும் எந்த வகுப்பிலும் எளிய படைப்பொன்றை இவ்வாறு முயன்று பார்க்கலாம். தன் முறை வரும்வரை காத்திருப்பது, பிறர் வாசிப்பதைக் கேட்டுக்கொண்டே தான் வாசிப்பது, உரிய இடத்தில் ஒதுங்கி நிற்பது ஆகியவற்றைத் தனியே தேர்வுக்கு வாசிக்கும் பிள்ளை கற்றுக்கொள்ள வழியில்லை.

கேட்பதற்கோ எந்தத் தடையும் இல்லை. பதிப்புரிமைக் காலம் முடிந்த இசைக்குறிப்புகள் இணையத்தில் கட்டணமின்றிக் கிடைக்கின்றன. ஒலிப்பதிவுகள் கைப்பேசியிலேயே இருக்கின்றன. ஒரே படைப்பை மூன்று முறை கேட்கலாம். முதல்முறை குறுக்கீடு ஏதுமின்றி முழுமையாக. இரண்டாம் முறை, பியானோ எங்கெல்லாம் மௌனமாக இருக்கிறது, அப்போது குழு என்ன சொல்கிறது என்று கவனித்து. மூன்றாம் முறை இசைக்குறிப்பைக் கையில் வைத்துக்கொண்டு. பிறகு அதே படைப்பை வேறொரு கலைஞர் வாசிக்கக் கேட்டால், இருவரும் எங்கே வேறுபடுகிறார்கள் என்பது தானாகவே புலப்படும். ரசனை என்பது அந்த வேறுபாட்டை உணர்வதில்தான் தொடங்குகிறது.

இசை ஆசிரியர்கள் மாதம் ஒரு வகுப்பைக் கேட்பதற்கென்றே ஒதுக்க வேண்டும். பெற்றோரும் அன்று உடன் அமர வேண்டும். பிள்ளை எந்த நிலைத் தேர்வை முடித்தது என்று கேட்கும் வழக்கத்தோடு, இந்த மாதம் எதைக் கேட்டது என்று விசாரிக்கும் வழக்கமும் நம் வீடுகளில் வரட்டும்.