பாடகர் கேட்டதும் நாம் கேட்பதும்

பில்லி ஜோயல் என்னும் அமெரிக்க வாக்கேயக்காரர், 1987-ஆம் ஆண்டுக் கோடையில், தம் மனைவியையும் இரண்டு வயது நிரம்பாத மகளையும் வாத்தியக் கோஷ்டியையும் அழைத்துக்கொண்டு சோவியத் நாட்டுக்குச் சென்று, மாஸ்கோவில் மூன்றும் லெனின்கிராடில் மூன்றுமாக ஆறு பெரிய கச்சேரிகள் செய்துவிட்டுத் திரும்பினார். அக்கச்சேரிகளில் பதிவான பாடல்கள், அவ்வாண்டு அக்டோபர் மாதத்திலேயே, ‘கன்ஸேர்ட்’ என்ற ருஷ்யப் பெயர் தாங்கிய இரட்டை இசைத்தட்டாக வெளிவந்தன. விற்பனையில் அத்தட்டு அவருடைய முந்தைய தட்டுகளுக்கு ஈடாகவில்லை. போதாக்குறைக்கு, தொண்டை கெட்டிருந்த சமயத்தில் பாடியவை அவை என்று பாடியவரே பிற்காலத்தில் குறைப்பட்டுக்கொண்டார். ஆயினும், அந்நிய தேசப் பிரயாணத்தில் பிறக்கும் நேரடிப் பதிவை எவ்விதம் கேட்க வேண்டும் என்று அறிய விரும்புவோருக்கு, அதனினும் சிறந்த பாடம் கிடைப்பது அரிது.

அக்காலத்தின் போக்கை முதலில் மனத்தில் கொள்ள வேண்டும். கோர்பசேவ் 1985-இல் சோவியத் நாட்டின் தலைமைப் பதவிக்கு வந்து, அவ்வாண்டு நவம்பரில் ஜெனீவாவில் அமெரிக்க ஜனாதிபதி ரீகனைச் சந்தித்தபோது, ஆயுதப் போட்டியைப் பற்றிய பேச்சு வார்த்தைகளோடு, இரு நாட்டுக் கலைஞர்களும் மாணவர்களும் போக்குவரத்துச் செய்வதற்கான உடன்படிக்கையும் கையெழுத்தாயிற்று. ஆங்கிலேயரான எல்டன் ஜான் 1979-ஆம் ஆண்டிலேயே அங்குப் போய்ப் பாடியிருந்தார் என்றாலும், விளக்குகளும் ஒலிபெருக்கிகளும் அடங்கிய முழு மேடை அமைப்போடு ராக் சங்கீதத்தை அந்நாட்டுக்குக் கொண்டுசென்ற அமெரிக்கருள் ஜோயலே முன்னோடிகளில் ஒருவர். அம்முயற்சியில் அவர் தம் கைப்பொருளையும் பெருமளவில் இழந்தார்.

மேல்நாட்டுச் சங்கீதத்தை அந்த ரசிகர்கள் அறியாதவர்கள் அல்லர். இசைத்தட்டு வெளியிடும் உரிமை முழுவதும் ‘மெலோதியா’ என்னும் அரசாங்க ஸ்தாபனத்தின் கையில் இருந்தமையால், அது வெளியிட மறுத்தவற்றையெல்லாம் ஜனங்கள் தாங்களே பிரதி செய்துகொண்டார்கள். ஆஸ்பத்திரிகள் கழித்துப்போட்ட எக்ஸ்ரே பிலிம்களை வட்டமாகக் கத்தரித்து, விலா எலும்பும் மண்டை ஓடும் தெரியும் அந்தத் தகடுகளின்மேல் பாட்டைக் கீறி விற்ற காலம் ஒன்று இருந்தது; ஒலிநாடாக் கருவிகள் பரவிய பின்னர் அவ்வேலை இன்னும் எளிதாயிற்று. விளதீமிர் விசோத்ஸ்கி என்னும் நடிகரும் கவிஞருமான பாடகர், தாம் இயற்றிக் கித்தார் இசைத்துப் பாடிய பாடல்களில் மிகச் சிலவே அரசாங்கத் தட்டுகளில் ஏறியிருந்தும், வீட்டுக்கு வீடு கைமாறிய ஒலிநாடாக்களின் வாயிலாகவே நாடு முழுவதும் கீர்த்தி பெற்று, 1980-இல் தம் நாற்பத்திரண்டாம் வயதில் காலமானார். மாஸ்கோவில் அவருடைய சமாதிக்குச் சென்று அஞ்சலி செலுத்திய ஜோயல், ‘ஹானஸ்டி’ என்ற தம் பாட்டை மேடையில் அவருக்கே அர்ப்பணம் செய்தார். சபையோர் தங்கள் சொந்த மனிதராகப் பாவித்த ஒருவரை அந்நியன் ஒருவன் பெயர் சொல்லிக் கௌரவித்தபோது எழுந்த ஆரவாரத்துக்கு மொழிபெயர்ப்பாளர் எவரும் தேவைப்படவில்லை.

பெரிய கச்சேரிகளுக்கு முன்னர், ஜோயல் ஜார்ஜியாவின் தலைநகரான திபிலீசிக்குச் சென்றிருந்தார். ஒரே சமயத்தில் பல குரல்கள் வெவ்வேறு மெட்டுகளில் சென்று ஒன்றாய் இணைவது ஜார்ஜியர்களுடைய பாட்டின் தனிச் சிறப்பு. ஏகக் குரலின் ராக விஸ்தாரத்திலேயே பழகிய நம் செவிக்கு அது முதலில் சற்றுத் திகைப்பைத் தந்தாலும், கேட்கக் கேட்க அதன் ஒழுங்கு புலப்படும். அந்நாட்டுப் பாடகர்கள் பாடும் ‘ஓதோயா’ என்ற பழைய உழைப்புப் பாட்டே இத்தட்டின் முதற்பாட்டாக அமைந்திருக்கிறது. தம் பெயரால் வெளிவரும் தட்டின் வாசலில் விருந்தளித்தவர்களை நிறுத்தியிருப்பது ஜோயலின் பண்பைக் காட்டுகிறது. அதே திபிலீசியில் முன்னேற்பாடின்றி மேடையேறிப் பாடியதில்தான் அவர் தொண்டையும் பழுதுபட்டது.

மாஸ்கோவில் சபை எளிதில் இளகவில்லை. ஜோயல் பாட்டுக்கு முன்னால் சில வார்த்தைகள் பேசுவார். மொழிபெயர்ப்பாளர் அவற்றை ருஷ்ய மொழியில் சொல்வார். ஆலைகள் மூடப்பட்டு வேலை இழந்த பென்ஸில்வேனியாத் தொழிலாளரைப் பற்றிய ‘ஆலன்டவுன்’ பாட்டும், வியத்நாமுக்கு அனுப்பப்பட்ட அமெரிக்க இளைஞர்களைப் பற்றிய ‘குட்நைட் சைகான்’ பாட்டும் அவ்விதமே சபைக்கு எட்டின. சோவியத் இளைஞர்கள் ஆப்கானிஸ்தானத்தில் மடிந்துகொண்டிருந்த வருஷம் அது என்பதை நினைத்தால், இரண்டாவது பாட்டு அங்கே யாருடைய கதையாகக் கேட்டிருக்கும் என்று விளக்க வேண்டியதில்லை.

மாஸ்கோக் கச்சேரியில் நடந்த ஒரு சம்பவம் பத்திரிகைகளில் பெரிதாக அடிபட்டது. கச்சேரியைப் படம் பிடிக்க வந்தவர்கள் ரசிகர்கள்மேல் விளக்கைப் பாய்ச்சியதும், இருளில் குதூகலித்து ஆடிக்கொண்டிருந்தவர்கள் சட்டென்று அடங்கிப்போனார்கள். அதைக் கண்டு சினந்த ஜோயல், விளக்கை அணைக்கும்படி கூவி, தம் மின்சாரப் பியானோவையே மேடையில் கவிழ்த்துவிட்டார். பிரபல பாடகரின் முன்கோபம் என்று அதை எழுதினார்கள். ஆனால், கண்காணிப்பில் வளர்ந்த ஜனங்கள்மேல் திடீரென்று வெளிச்சம் விழுவதன் பொருளை அவர் சில நாட்களுக்குள்ளேயே உணர்ந்துகொண்டார் என்றே எனக்குத் தோன்றுகிறது.

நேரடிப் பதிவின் முறையைப் பற்றியும் ஒரு வார்த்தை. மேடையிலுள்ள ஒவ்வொரு வாத்தியத்தின் ஒலியும் பாடகரின் குரலும், அரங்கத்து ஒலிபெருக்கிகளுக்குச் செல்வதோடு, கிளை பிரிந்து பதிவுக் கருவிக்கும் சென்று, தனித்தனித் தடங்களில் பதிவாகும்; சபையோரின் கரகோஷத்தையும் கூச்சலையும் பிடிப்பதற்கென்றே வேறு மைக்குகள் இருக்கும். பின்னர் ஒலிப்பதிவுக் கூடத்தில் இவற்றையெல்லாம் அளவறிந்து கலப்பார்கள். தனித் தடங்கள் இருப்பதால், பிசகிய இடங்களை மறுபடி பாடி ஒட்டிவிடவும் வழியுண்டு. பல பிரசித்தமான ‘நேரடித்’ தட்டுகள் அப்படித் திருத்தப்பட்டவையே. ஆனால், திருத்தத் திருத்தக் குரல் சுத்தமாகுமேயன்றி, அந்த இரவு நம்மைவிட்டு விலகிக்கொண்டே போகும்.

பாடகர் தம் தட்டைக் கேட்கும்போது தம் தொண்டையைக் கேட்கிறார். நாம் கேட்பதோ அரங்கத்தை. ஆகையால், இவ்வகைத் தட்டுக்குப் பாடியவரே தலைசிறந்த நீதிபதி என்று கொள்வதற்கில்லை. இங்கே குரல் கரகரப்பதும், உச்ச ஸ்தாயியில் நழுவுவதும் மெய்தான். ஆனால் ருஷ்ய மண்ணை மிதித்துப் பாடியறியாத பீட்டில்ஸ் கோஷ்டியின் ‘பேக் இன் தி யு.எஸ்.எஸ்.ஆர்.’ என்ற 1968-ஆம் ஆண்டுப் பாட்டை அந்த மண்ணிலேயே ஒருவர் பாடும்போது கிளம்பும் கோஷத்தை எந்த ஒலிப்பதிவுக் கூடத்தில் உண்டாக்க முடியும்?

பிரயாணத்தின் பயனும் அத்தட்டோடு நின்றுவிடவில்லை. ஜோயலின் தந்தை ஜெர்மனியில் நியூரம்பெர்க் நகரத்தில் பிறந்த யூதர். நாஜிகளின் கொடுமைக்குத் தப்பி, குடும்பத்தின் ஜவுளி வியாபாரத்தைப் பறிகொடுத்து வெளியேறியவர்களில் ஒருவர். அத்தகைய குடும்பத்தில் பிறந்தவர், நாஜிப் படை ஏறத்தாழ 900 நாட்கள் முற்றுகையிட்ட லெனின்கிராடுக்குச் சென்று, தம் மகளைச் சிரிக்கவைத்த விக்டர் என்னும் சர்க்கஸ் கோமாளியோடு சிநேகம் கொண்டார். யுத்தத்தில் தந்தையை இழந்த ருஷ்யச் சிறுவனும், ருஷ்யாவுக்கு அஞ்சி வளர்ந்த அமெரிக்கச் சிறுவனும் ஒரே சரித்திரத்தின் இரு பக்கங்கள் என்ற எண்ணத்தை வைத்து அவர் புனைந்த ‘லெனின்கிராட்’ என்ற பாட்டு 1989-இல் வெளிவந்தது.

முதற்பதிப்பில் இடம்பெறாத பாடல்களும் ஒரு செய்திப்படமும் சேர்ந்து, 2014-இல் இக்கச்சேரிகள் மறுபடி வெளியாயின. புதிதாகக் கேட்க விரும்புவோர், ‘ஆலன்டவுன்’ பாட்டை 1982-ஆம் ஆண்டின் பிழையற்ற பதிவில் ஒருமுறையும், சோவியத் மேடைப் பதிவில் ஒருமுறையும் அடுத்தடுத்துக் கேட்டுப் பார்க்கலாம். முன்னதில் பாட்டு இருக்கிறது. பின்னதில், அந்தப் பாட்டைக் கேட்டவர்களும் இருக்கிறார்கள். கடல் கடந்து போய்ப் பாடுகிறவன் பதிவுசெய்துகொண்டு வரத் தக்கது அதுவே.