கோழி பெருகுது, கூடு பெருகலையே!

பத்துக் கோழி இருந்தவரை எங்க கூட்டுல ஒரு தொல்லையும் இல்லை. 6 அடிக்கு 4 அடி, 24 சதுர அடிக் கூடு. அடைக்கோழிகள் நல்லா குஞ்சு பொரிச்சதுல ஒரே வருஷத்தில் 34 ஆயிடுச்சு. பகல்ல தோட்டத்துலதானே மேயுதுன்னு அதே கூட்டுலயே அடைச்சோம். ஐப்பசி மழையில தரை ஈரமாகி, காலையில கதவைத் திறந்தா கண் எரியுற அளவுக்கு நெடி. பின்னாலேயே வெள்ளைக்கழிச்சல் வந்தது. பத்து நாள்ல 21 கோழி போச்சு.

வெள்ளைக்கழிச்சல் வைரஸால் வரும் நோய், நெரிசலால் வருவதில்லை. ஆனா ஒரு கோழிக்கு வந்ததை மத்த கோழிகளுக்கு வேகமாப் பரப்பினது நெரிசல்தான். தடுப்பு மருந்து போடாம விட்டதும் எங்க தப்பு.

செத்ததை ஆழக் குழி வெட்டி, சுண்ணாம்பு போட்டுப் புதைச்சோம். பழைய கூட்டைச் சுரண்டிக் கழுவி, சுண்ணாம்பு அடிச்சு ஆறப்போட்டோம். மிச்சக் கோழிகள் திரும்பப் பெருக ஆரம்பிச்சதும், இந்த முறை முதல்ல இடத்தைப் பெருக்கினோம்.

மழைநாள்ல உள்ளேயே அடைஞ்சு கிடக்கும் என்பதால் கோழிக்கு 2 சதுர அடி கணக்கு. 30 கோழிக்கு 10 அடிக்கு 6 அடி. நீளப்பக்கம் கிழக்கு மேற்கா இருந்தா வெயில் உள்ளே அதிகம் ஏறாது. ஒன்றரை அடிக்குச் செங்கல் சுவர், அதுக்கு மேல அரை அங்குலக் கம்பி வலை. கீரி தோண்டி நுழையாதபடி சுவர் அடியிலும் ஓரடி ஆழத்துக்கு வலை. சாரல் அடிக்காம கூரையை நல்லா வெளியே இறக்கிவிடணும்.

உட்கார ஒரு கோழிக்கு 8 அங்குலம் வேணும். பத்தடி மூங்கில் ரெண்டு போதும். ரெண்டும் ஒரே உயரத்துல இருக்கட்டும், இல்லேன்னா மேல் கழிக்குச் சண்டைதான். ஐந்து பெட்டைக்கு ஒரு முட்டைப் பெட்டி. தரையில நெல் உமியைப் பரப்பி, அடிக்கடி கிளறிவிடணும். நனைஞ்ச உமியை உடனே அள்ளி எருக்குழியில போட்டுடணும்.

பழைய கூட்டை இடிக்கலை. தாயும் குஞ்சும் இப்ப அங்கேதான். சந்தையில வாங்குற கோழியை இதுலயும் விடாம, தள்ளி ஒரு பஞ்சாரத்துல மூணு வாரம் வெச்சுப் பார்த்துத்தான் சேர்க்கிறோம். குஞ்சுக்கு 7ஆம் நாள் சொட்டு மருந்து, 8ஆம் வாரம் இறக்கையில் ஊசி. அங்கக வேளாண்மை விதிகளும் தடுப்பூசிக்கு இடம் தருது, தயங்காதீங்க.

நாளைக்குக் காலையில கோழியைத் திறந்துவிடுறதுக்கு முன்னாடி, கூட்டுக்குள்ள தலையை விட்டு ஒருதரம் மூச்சு இழுத்துப் பாருங்க. நெடி மூக்கில ஏறினா, அடுத்த அடை வைக்காதீங்க. முதல்ல கூட்டைப் பெருசாக்குங்க.