மூன்று முடிச்சில் காற்று

மூன்று முடிச்சு என்றால் நமக்குத் தாலிதான் ஞாபகம் வரும். வட ஐரோப்பியக் கடல்களில் பாய்மரக் கப்பல் ஓட்டியவர்களுக்கு ஞாபகம் வந்தது வேறு சமாச்சாரம். ஒரு துண்டுக் கயிறு, அதில் மூன்று முடிச்சு, ஒவ்வொரு முடிச்சுக்குள்ளும் ஒரு காற்று. முதல் முடிச்சை அவிழ்த்தால் மெல்லிய காற்று. இரண்டாவதை அவிழ்த்தால் பாய் புடைக்கும் அளவுக்குப் பலமான காற்று. மூன்றாவதை மட்டும் அவிழ்க்கவே கூடாது, அதில் இருப்பது புயல்.

கதைகளில் வரும் மந்திரக் கருவிகளிலேயே இவ்வளவு மலிவான ஒன்றை நான் பார்த்ததில்லை. கோல் கிடையாது, மணி கிடையாது, வெறும் கயிறு. ஆனால் இதற்கு ஒரு சந்தை இருந்தது என்று எழுதி வைத்திருக்கிறார்கள். ஓலாஸ் மாக்னஸ் என்ற ஸ்வீடன் நாட்டுக் கத்தோலிக்கப் பாதிரியார், நாட்டைவிட்டு வெளியேறி ரோமில் இருந்தபோது, வடக்கத்தி மக்களைப் பற்றி ஒரு பெரிய புத்தகம் போட்டார். வருடம் 1555. அதில் ஒரு மரச்செதுக்குப் படம் உண்டு. கடலோரப் பாறையில் நிற்கும் ஒருவன் முடிச்சுப் போட்ட கயிறைத் தூக்கிக் காட்டுகிறான், மாலுமிகள் அவனிடம் பேரம் பேசுகிறார்கள். பின்லாந்துக்காரர்களும் லாப்லாந்துக்காரர்களும் இந்த வியாபாரத்தில் பேர்போனவர்கள் என்பது அவர் சொல்லும் சேதி. லாப்லாந்துக்காரர்கள் என்று அவர் சொல்வது சாமி மக்களை. (நம்ம சாமி இல்லைங்க, அந்த இனத்தின் பெயரே அதுதான்.)

யார் வாங்குவார்கள் என்று கேட்டால், காற்று கிடைக்காமல் துறைமுகத்தில் முடங்கிக் கிடப்பவர்கள்தான். அந்தக் காலத்துச் சதுரப் பாய்க் கப்பல்களால் எதிர்க்காற்றில் அதிகம் முன்னேற முடியாது. சரியான திசையில் காற்று திரும்பும்வரை நாள்கணக்கில், சில சமயம் வாரக்கணக்கில், காத்திருக்க வேண்டும். சாப்பாடு தீரும், கூலி ஏறும். அந்த நிலையில் ஒரு கயிறுக்குக் கொஞ்சம் காசு கொடுப்பது பெரிய விஷயமா என்ன?

கயிறு 'வேலை செய்த' விதமும் கெட்டிக்காரத்தனமானது. கடலில் காற்று என்றைக்காவது மாறத்தான் போகிறது. மாறினால் முதல் முடிச்சுக்குப் பெயர். புயல் வந்துவிட்டால், எந்த மடையனோ மூன்றாவதை அவிழ்த்துவிட்டான். யாரும் அவிழ்க்கவில்லை என்றால் அந்த முடிச்சு சோதிக்கப்படவே இல்லை. விற்றவன் எந்தப் பக்கமும் மாட்ட மாட்டான். அதாவது, மாட்ட மாட்டான் என்று அவன் நினைத்திருப்பான். அதற்குப் பிறகு வருகிறேன்.

ஏன் கயிறு, ஏன் முடிச்சு? இது என் ஊகம்தான். பாய்மரக் கப்பலில் காற்றோடு மனிதன் செய்யும் வேலை முழுக்க முடிச்சு வேலைதான். காற்று தரும் விசை அதன் வேகத்தின் வர்க்கத்துக்கு ஏற்பக் கூடும். காற்றின் வேகம் இரண்டு மடங்கானால் பாயின்மேல் விழும் விசை நான்கு மடங்கு. அதனால் காற்று ஏற ஏற, பாயின் ஒரு பகுதியைச் சுருட்டி, சின்னச் சின்னக் கயிறுகளால் முடிச்சுப் போட்டுப் பரப்பைக் குறைப்பார்கள். காற்று தணிந்ததும் முடிச்சுகளை அவிழ்ப்பார்கள், உடனே கப்பல் வேகம் எடுக்கும். தினமும் இதைச் செய்கிறவனுக்கு 'முடிச்சை அவிழ்த்தால் காற்று வரும்' என்பது மாயமாகவே தோன்றாது, கைப்பழக்கமாகத் தோன்றும். 1805-ல் பிரிட்டிஷ் கடற்படையின் பிரான்சிஸ் போஃபர்ட் காற்றின் பலத்துக்குப் படிநிலை வகுக்க உட்கார்ந்தார். அவரும் ஒரு போர்க்கப்பல் எவ்வளவு பாயைத் தாங்கும் என்பதை வைத்துத்தான் காற்றை அளந்தார். கப்பல் வேகத்துக்கு இன்றும் சொல்லும் 'நாட்' என்ற அலகுக்கு அர்த்தமே முடிச்சுதான். முடிச்சுப் போட்ட கயிறைக் கடலில் விட்டு, மணல் கடிகாரம் தீர்வதற்குள் எத்தனை முடிச்சு ஓடியது என்று எண்ணினார்கள். மந்திரத்துக்கும் இதற்கும் சம்பந்தமில்லை, ஆனாலும் சொல்லாமல் விட மனசில்லை.

இதைவிடப் பழைய உறவுக்காரர் ஒருவர் உண்டு. ஹோமரின் ஒடிசியில் வரும் காற்றுப் பை. காற்றுகளுக்குக் காவலரான ஏயோலஸ், கெட்ட காற்றுகளை எல்லாம் ஒன்பது வயது மாட்டின் தோலில் செய்த பைக்குள் அடைத்து, வெள்ளிக் கயிறால் கட்டி ஒடிசியஸிடம் கொடுக்கிறார். மேற்குக் காற்றை மட்டும் வெளியே விடுகிறார், அது வீட்டுப் பக்கம் தள்ளும். பத்தாம் நாள் சொந்த ஊரில் எரியும் நெருப்பு கண்ணுக்குத் தெரிகிறது. அந்த நேரம் பார்த்து அவன் தூங்கிவிட, உள்ளே தங்கமோ வெள்ளியோ என்று கூட்டாளிகள் பையைப் பிரிக்கிறார்கள். அவ்வளவுதான், புறப்பட்ட இடத்துக்கே திரும்பி வந்தாகிவிட்டது. பையில் இருப்பது வேண்டாத காற்று, கயிறில் இருப்பது வேண்டிய காற்று. எனக்கு இந்த வித்தியாசம் முக்கியமாகப் படுகிறது. பை கடவுளின் கொடை, அதை யாரும் விற்க முடியாது. கயிறைப் பக்கத்து வீட்டுக்காரர்கூட முடியலாம்.

விபரீதமும் அங்கேதான். காற்றை முடிந்து வைக்கத் தெரிந்தவர்கள் ஊரில் இருக்கிறார்கள் என்று நம்பினால், புயல் அடித்தபின் தேட ஆள் கிடைத்துவிடும். நார்வேயின் வடகிழக்கு மூலையில் வர்தோ என்று ஒரு மீனவர் ஊர். 1617 கிறிஸ்துமஸுக்கு முந்தைய நாள், அந்தப் பகுதிப் படகுகள் கடலில் இருந்தபோது திடீரென்று புயல் எழுந்தது. பத்துப் படகுகள் போயின, நாற்பது ஆண்கள் செத்தார்கள். சின்ன ஊர்களில் நாற்பது பேர் என்றால் ஏறக்குறைய வீட்டுக்கு ஒரு சாவு. அதே வருடம்தான் டென்மார்க்-நார்வே அரசர் நான்காம் கிறிஸ்டியான் சூனியத்துக்கு எதிராகச் சட்டம் கொண்டுவந்தார்.

1621-ல் விசாரணை. கை கால்களைக் கட்டித் தண்ணீரில் போடுவது அங்கே ஒரு சோதனை முறை. மிதந்தால் குற்றவாளி. அப்படி நடந்த விசாரணையில் ஒரு பெண் ஒப்புக்கொண்டதாகப் பதிவாகியிருப்பது இது: மீன்பிடிக் கயிறில் மூன்று முறை முடிச்சுப் போட்டார்கள், அதன்மேல் துப்பினார்கள், பிறகு அவிழ்த்தார்கள், கடல் எழுந்தது. மூன்று முடிச்சு, அதேதான். மாலுமிகள் கதையாகச் சொல்லிச் சிரித்த சரக்கு, நீதிமன்றத்தில் சாட்சியமாக வந்து உட்கார்ந்துவிட்டது. பெண்கள் எரிக்கப்பட்டார்கள். அந்த நூற்றாண்டு முடிவதற்குள் ஃபின்மார்க் பகுதியில் சூனிய வழக்குகளில் உயிர் போனவர்கள் 91 பேர், அதில் 77 பேர் பெண்கள். 2011-ல் வர்தோவில் அவர்களுக்கு நினைவிடம் திறந்தார்கள். நீண்ட இருட்டுக் கூடம், ஆளுக்கொரு சின்ன ஜன்னல், அதில் ஒரு விளக்கு, பக்கத்தில் அவரவர் வழக்கின் விவரம்.

ராஜாக்களும் இதற்கு விலக்கில்லை. ஸ்காட்லாந்து அரசர் ஆறாம் ஜேம்ஸுக்கு நிச்சயமான டென்மார்க் இளவரசி ஆன், 1589-ல் புயலால் கடலைக் கடக்க முடியாமல் நார்வேயில் ஒதுங்கினார். மாப்பிள்ளையே கிளம்பிப்போய்க் கல்யாணம் முடித்துக் கூட்டிவந்தார். பிறகு இரண்டு நாடுகளிலும் புயலைக் கிளப்பியவர்கள் யார் என்று வேட்டை தொடங்கியது.

அடுத்த இருநூறு வருடத்தில் பயம் தேய்ந்துபோனது, வியாபாரம் தேயவில்லை. 1814-ல் எழுத்தாளர் வால்டர் ஸ்காட் ஒரு கலங்கரை விளக்கக் குழுவோடு ஓர்க்னித் தீவுகளுக்குப் போனபோது, ஸ்ட்ராம்னஸ் ஊரின் குன்றில் பெஸ்ஸி மில்லி என்ற மூதாட்டியைப் பார்த்தார். துறைமுகத்தை விட்டுப் புறப்படும் கப்பல்காரர்கள் அவரிடம் ஏறிவந்து காற்று வாங்குவார்கள். விலை ஆறு பென்ஸ். கயிறுகூட இல்லை. கெட்டிலில் தண்ணீர் கொதிக்க வைத்து, கப்பலுக்காகப் பிரார்த்தனை செய்வார், அவ்வளவுதான். சூனியம் கீனியம் எதுவும் தனக்குத் தெரியாது என்று அவரே தெளிவாகச் சொல்லிவிடுவார். கேட்ட காற்று கட்டாயம் வரும், சில சமயம் கொஞ்சம் காத்திருக்க வேண்டியிருக்கும் என்று ஸ்காட் எழுதி வைத்திருக்கிறார். ஸ்காட்டின் 'தி பைரேட்' நாவலில் காற்றை ஆளும் நோர்னா என்ற பாத்திரம் இந்தச் சந்திப்பிலிருந்து முளைத்ததுதான்.